நின்ற நாள்

நனைந்த தேங்காய்நார்க் கயிற்றுக்கு ஒரு வாடை உண்டு. பாசியும் துருவும் கலந்த அந்த வாடை இன்றைக்கும் எங்காவது மூக்கில் ஏறினால் எனக்கு முதலில் வருவது எரிச்சல்தான். சிறுவயது வாசனைகளைப் பற்றி உருகி உருகி எழுதுகிறவர்கள் என்னை மன்னிக்க வேண்டும். அந்தக் கயிற்றின் நுனியில் ஓர் அரைக்கிலோப் படிக்கல் கட்டியிருக்கும். அடிக்கு ஒரு முடிச்சு, முடிச்சுக்கு ஒரு சிவப்புத் துணிக் கிழிசல். காலை ஆறு மணிக்கு ஒரு தடவையும் மாலை ஆறு மணிக்கு ஒரு தடவையும் அதைக் கிணற்றுக்குள் இறக்கி, கல் தண்ணீரைத் தொட்டு 'களக்' என்று சத்தம் கேட்டதும் பிடித்து நிறுத்தி, எத்தனை முடிச்சு, எத்தனை அங்குலம் என்று ஒரு நீள நோட்டில் எழுதி வைப்பது பத்து வயதில் என் வேலை. இதெல்லாம் தண்ணீர் இறைப்பதற்காக அல்ல; எங்கள் வீட்டில் அன்றைக்கு என்ன தேதி என்று தெரிந்துகொள்வதற்காக.

அப்பா தாம்பரத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் பூகோள ஆசிரியர். உலக உருண்டையைச் சுழற்றிவிட்டு எந்த நாட்டின்மேல் விரல் வைத்தாலும் தலைநகரைச் சொல்லுவார். சொந்த வீட்டில் சர்க்கரை எந்த டப்பாவில் இருக்கிறது என்று கேட்டால் முழிப்பார். அறுபதுகளின் நடுவில் ஒரு வருடம் பள்ளிப் பிள்ளைகளைக் கோவளத்துக்குச் சுற்றுலா கூட்டிக்கொண்டு போனவர், அங்கே கட்டுமரத்தின்மேல் உட்கார்ந்து வலையைப் பிரித்துக்கொண்டிருந்த ஒருவரிடம் பேச்சுக் கொடுத்திருக்கிறார். பௌர்ணமிக்கும் அமாவாசைக்கும் கடல் எப்படி ஏறும், எப்படி வற்றும் என்று அந்த மனிதர் பொழுதுபோகாமல் சொன்னது அப்பாவின் தலைக்குள் போய் உட்கார்ந்துவிட்டது. வீடு திரும்பியவர் செருப்பைக்கூடக் கழற்றாமல் அம்மாவிடம் அறிவித்தார்: "ஜனவரியும் பொய், சித்திரையும் பொய். நிலாவும் கடலும் மட்டும்தான் நிஜம்." அம்மா, "கை கால் கழுவிட்டு வாங்க, சோறு ஆறுது" என்றாள். அத்தோடு அது தீர்ந்துவிடும் என்று அவள் நினைத்தாள், பாவம்.

அப்பா கண்டுபிடித்த நாட்காட்டியின் இலட்சணத்தைச் சொல்லிவிடுகிறேன். பௌர்ணமிக்குப் பௌர்ணமி ஒரு 'சுற்று'. நிலா தேய்கிற பாதி 'இறக்கம்', வளர்கிற பாதி 'ஏற்றம்'. நாட்களுக்கு 'இறக்கம் ஒன்று', 'இறக்கம் இரண்டு' என்று பெயர். ஊரில் பஞ்சாங்கம் வைத்திருக்கிற யாரும் காலங்காலமாகச் செய்துவருகிற காரியம்தான் இது. அதற்குப் புதுப் பெயர் சூட்டிவிட்டு அப்பா அதைக் கண்டுபிடிப்பு என்றார். அவருடைய சொந்தச் சரக்கு ஒன்றே ஒன்று. சூரியன் உதித்து மறைந்தால் மட்டும் ஒரு நாள் ஆகிவிடாதாம். கடல் ஏறி இறங்கினால்தான் நாளாம். இரண்டு நாள் தொடர்ந்து தண்ணீர் அசையாமல் அப்படியே இருந்தால் இரண்டாவது நாள் 'நின்ற நாள்'. அதற்கு எண் கிடையாது. கணக்கில் சேராமல் சும்மா கழிந்துபோகும். அப்படி ஒரு நாள் எப்போதாவது வரும் என்று அவர் விதி எழுதி வைத்துவிட்டு, பிள்ளை வரம் கேட்டவர் போலக் காத்துக்கொண்டிருந்தார்.

எங்கள் வீடு கிழக்குத் தாம்பரத்தில், மாடம்பாக்கம் போகிற சாலையில். அங்கிருந்து கடல் எட்டு மைல். கடலைப் பார்க்காமல் கடலால் நாளை எண்ணுவது எப்படி என்று எவருக்கும் தோன்றும். அப்பாவுக்கும் தோன்றத்தான் செய்தது. அதற்கு அவர் கண்ட வழி கொல்லைக் கிணறு. கடலின் நாடி நிலத்துக்கு அடியில் எங்கள் கிணறுவரை துடிக்கிறது என்றார். வேடிக்கை என்னவென்றால், கிணறு அவரை ஏமாற்றவில்லை. காலையில் இருந்த மட்டம் மாலையில் ஓரடி இறங்கியிருக்கும், மறுநாள் பழையபடி ஏறியிருக்கும். ஒரு வாரம் காலையில் இறங்கும், அடுத்த வாரம் மாலையில் இறங்கும். அப்பா அந்த எண்களைப் பார்த்துப் பார்த்துப் பூரித்துப்போவார். போதகர் வீட்டுக்கு வந்தபோது நோட்டை விரித்து வைத்துக்கொண்டு, "ஈஸ்டரே நிலாவைப் பார்த்துத்தானே வருது, ஐயா?" என்று மடக்கினார். போதகர் காப்பியைக் குடித்துவிட்டு, "அதுவும் சரிதான்" என்று எழுந்துபோனார். எதற்கும் 'அதுவும் சரிதான்' என்கிற மனிதர் அவர்.

பள்ளிக்கூடம் நடக்கிற மாதங்களில் அப்பாவும் சர்க்கார் தேதிக்குக் கட்டுப்பட்டவர்தான். வருகைப் பதிவேட்டில் 'இறக்கம் நான்கு' என்று எழுதும் துணிச்சல் அவருக்கு இல்லை. அந்த வீரமெல்லாம் கோடை விடுமுறையில் வீட்டில்தான். ஏப்ரல் கடைசியில் பள்ளி மூடியதும் வீட்டிலிருந்த காலண்டர்கள் பரணுக்குப் போய்விடும். கூடத்துச் சுவரில் பச்சைச் சாயம் பூசிய ஒரு சதுரத்தில் அவர் சாக்கட்டியால் நாளை எழுதுவார், அதுதான் சட்டம். ஞாயிற்றுக்கிழமையை மட்டும் கோயில் மணி காப்பாற்றிக் கொடுத்தது. அம்மா சமையலறையில் முறத்துக்குப் பின்னால் ஒரு சின்ன தினசரிக் காலண்டரை ஆணியில் மாட்டி வைத்திருந்தாள். அது இருப்பது எல்லோருக்கும் தெரியும், அப்பாவுக்கும் தெரிந்திருக்கும். இல்லாத பொருளாக அதைப் பாவிப்பது வீட்டில் ஒரு மரியாதை.

இதையெல்லாம் ஒரு தமாஷாக விட்டுவிடலாம், எஸ்தர் அக்கா மட்டும் இல்லாதிருந்தால். அவளுக்கு அப்போது பதினேழு. எஸ்.எஸ்.எல்.சி.யில் நல்ல மார்க். டீச்சர் ஆகவேண்டும் என்பதைத் தவிர அவளுக்கு வேறு ஆசையே கிடையாது. கொல்லைச் சுவரில் அடுப்புக்கரியால் எழுதி என்னை எதிரே உட்காரவைத்து அவள் பாடம் நடத்துவாள். நான் ஒருத்தியே முப்பது பிள்ளைகளாக எழுந்து நின்று 'உள்ளேன் டீச்சர்' சொல்ல வேண்டும். அந்த மே மாதத் தொடக்கத்தில் அவளுக்கு நகரத்திலிருந்த ஒரு பெண்கள் ஆசிரியப் பயிற்சிப் பள்ளியிலிருந்து நேர்முகத் தேர்வுக் கடிதம் வந்தது. மே இருபத்தேழு, காலை பத்து மணி. கிழமை போடவில்லை. வராதவர்களுக்கு மறு வாய்ப்பு இல்லை என்று கீழே ஒரு வரி. அக்கா கடிதத்தை வேதப்புத்தகத்துக்குள் வைத்தாள். அப்பா அன்றைக்கே உட்கார்ந்து கணக்குப் போட்டு, 'இறக்கம் ஆறு – எஸ்தர்' என்று பச்சைச் சதுரத்தின் மூலையில் எழுதிவிட்டார்.

இந்தச் சமயத்தில் அம்மா சித்தியின் பிரசவத்துக்காக அனகாபுத்தூர் போனாள். ஒரு மாதம் அங்கேயே தங்கல். அவள் போனதும் முறத்துக்குப் பின்னாலிருந்த காலண்டரும் நின்றுபோயிற்று. அவள் போன அன்றைய தாளோடு அது தொங்கிக்கொண்டிருந்தது; இல்லாத பொருளைக் கிழிப்பது யார் வேலை?

எங்களுக்கு அடுத்த மனை ஏகாம்பரம் அண்ணனுடையது. பழைய ஊர்க்காரர், கத்தரியும் கீரையும் போட்டிருந்தார். வேலியோரத்தில் அவருக்கு ஒரு பெரிய கிணறும் பம்ப் செட்டும் உண்டு. ஒரு நாள் மாலை நான் கயிற்றை இறக்கி முடிச்சு எண்ணிக்கொண்டிருந்தபோது வேலிக்கு அந்தப்புறமிருந்து பார்த்துவிட்டு, "இன்னா பாப்பா, தெனிக்கும் கெணத்துல இன்னாத்த தேடிகினு கீற?" என்று கேட்டார். கடல் ஏற்றம் பார்க்கிறேன் என்று விளக்கினேன். அவர் சிரித்த சிரிப்பில் தலைப்பாகை அவிழ்ந்துவிட்டது. "கடலும் இல்ல, கத்திரிக்காயும் இல்ல. நம்ம மோட்டாரு ஓடிச்சின்னா உங்க கெணத்துல தண்ணி எறங்கும். நிறுத்தினா ஏறும். ஒரு வாரம் காத்தால கரண்ட்டு வுடுவான், ஒரு வாரம் சாய்ந்தரம் வுடுவான். போயி உங்க அப்பா சார்கிட்ட சொல்லு." சொல்லிவிட்டு மோட்டாரை நிறுத்திக் காட்டினார். நான் அரைமணி நேரம் கழித்துக் கயிற்றை இறக்கினேன். தண்ணீர் நாலு விரற்கடை ஏறியிருந்தது.

நான் மூச்சிரைக்க ஓடிப்போய் அப்பாவிடம் சொன்னேன். அவர் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை. "கத்திரிக்காய் விக்கிறவனுக்குப் பூகோளம் தெரியுமா?" என்றார். அந்த ஒரு வாக்கியத்தோடு அப்பா எனக்குச் சின்ன ஆளாகிப்போனார். பத்து வயதுப் பெண்ணின் இளக்காரம் எப்படிப்பட்டது என்று பெரியவர்களுக்கு மறந்துபோயிருக்கும். அதில் இரக்கம் ஒரு துளி கிடையாது. நோட்டோடு அவர் கூடத்தில் நடந்தால் நான் பின்னாலிருந்து அதே மாதிரி நடந்துகாட்டுவேன், அக்கா வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பாள். மோட்டார்த் தண்ணீரை அளந்து கடலென்று எழுதிக்கொண்டிருக்கிற ஒரு மனிதருக்காக நான் எதற்கு ஆறு மணிக்கு எழுந்திருக்க வேண்டும் என்று ஒரு நாள் தோன்றியது. அந்த வாரம் வெயில் வேறு மண்டையைப் பிளந்தது. ஏகாம்பரம் அண்ணன் மகள் என் வயதுக்காரி. பம்ப் செட் தொட்டியில் குளிக்கக் கூப்பிட்டாள். இரண்டு நாள் காலையும் மாலையும் நான் அந்தத் தொட்டிக்குள்தான் கிடந்தேன். நோட்டில் அளவு வேண்டுமே. பதினெட்டு முடிச்சு மூன்று அங்குலம் என்று முந்தைய நாள் எழுதியிருந்ததையே நாலு தடவை எழுதிவைத்தேன். வேறு எண்ணை யோசிக்கிற சிரமத்தைக்கூட நான் எடுத்துக்கொள்ளவில்லை.

மூன்றாம் நாள் காலை அப்பா நோட்டைப் பார்த்தார். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தார். "ரெண்டு நாளும் இதே அளவா? சரியாப் பாத்தியா?" என்றார். "பாத்தேம்ப்பா" என்றேன். அவர் முகத்தில் வந்த வெளிச்சத்தை நான் அதற்கு முன்னும் பின்னும் பார்த்ததில்லை. "எஸ்தர், இங்க வா! கடல் நின்னுடுச்சு!" என்று கூவினார். "எனக்கே நம்ப முடியல. ஆனா இவ எழுதினதுல தப்பு வராது." சிவப்புச் சாக்கட்டி எடுத்துச் சுவரில் 'நின்ற நாள்' என்று எழுதி அடியில் இரண்டு கோடு போட்டார். முந்தைய நாளுக்கு எண் போயிற்று. அன்றையிலிருந்து எல்லாம் ஒரு நாள் பின்தங்கியது. அன்று மாலை ஸ்டேஷன் பக்கத்துக் கடையிலிருந்து எங்கள் இருவருக்கும் பாதுஷா வாங்கிவந்தார். நான் இரண்டு தின்றேன். மூலையில் எழுதியிருந்த 'இறக்கம் ஆறு – எஸ்தர்' என்பதை 'இறக்கம் ஐந்து' என்று மாற்ற வேண்டும் என்று அந்தக் கொண்டாட்டத்தில் அவருக்குத் தோன்றவில்லை. எனக்கும் தோன்றவில்லை.

நேர்முகத் தேர்வுக்கு முந்தைய நாள் என்று நாங்கள் நம்பிய நாளில், அக்கா அம்மாவின் வெள்ளைப் புடவைக்குக் கஞ்சி போட்டுக்கொண்டே, "அப்பா, எதுக்கும் ஏகாம்பரம் அண்ணன் வீட்ல ஒரு வார்த்தை தேதி கேட்டுட்டு வரட்டுமா?" என்று கேட்டாள். அப்பாவுக்கு மூக்குக்குமேல் கோபம் வந்துவிட்டது. "பூகோள வாத்தியார் பொண்ணு அடுத்த வீட்ல போயி இன்னிக்கு என்ன தேதின்னு கேட்டா ஊரே சிரிக்கும்" என்றார். அக்கா போய்த் தேதி கேட்கவில்லை. அவள் எதிர்த்துப் பேசுகிற பெண் அல்ல. ஊர் சிரித்திருந்தால் என்ன குடிமுழுகிப்போயிருக்கும் என்று நான் இன்றுவரை யோசிக்கிறேன்.

மறுநாள் மூவரும் தாம்பரத்தில் மின்சார ரயில் ஏறினோம். டிக்கெட்டுகள் அப்பாவின் சட்டைப் பையில் இருந்தன. தேதி அவற்றின் மேலேயே குத்தியிருந்தது. அவர் அவற்றை எடுத்துப் பார்க்கவில்லை. வழி நெடுக அக்கா உதட்டை அசைத்துக்கொண்டு வந்தாள், பதில்களைச் சொல்லிப் பார்த்தபடி. பயிற்சிப் பள்ளி வாசலில் ஒரு பெண்ணும் இல்லை. ஒன்பதரை மணிக்கே வந்துவிட்டோம், நாம்தான் முதல் என்று அப்பா பெருமைப்பட்டார். அலுவலக அறையில் குமாஸ்தா கடிதத்தை வாங்கிப் பார்த்துவிட்டு, "இது நேத்து சார். நேத்தே முடிஞ்சி போச்சி. லிஸ்ட்டுகூட மேல போயிடுச்சி" என்றார்.

அதற்குப் பிறகு அப்பா செய்ததை நான் மன்னிக்கவே இல்லை. தவறு என்று சொல்லியிருக்கலாம், கெஞ்சியிருக்கலாம், பொய்யாகப் பிள்ளைக்குக் காய்ச்சல் என்றாவது சொல்லியிருக்கலாம். அவர் கைப்பையிலிருந்து நீள நோட்டை எடுத்து மேசையில் விரித்து, இறக்கம், ஏற்றம், நிலா, கடல் என்று விளக்கத் தொடங்கினார். பாதி வழியில் நின்றார். விரல் 'நின்ற நாள்' என்ற சிவப்பு எழுத்தின்மேல் இருந்தது. "ஒரு நாள்… ஒரு நாள் கழிக்காம விட்டுட்டேன்" என்றார், குமாஸ்தாவிடம் அல்ல, நோட்டிடம். குமாஸ்தா மேசையிலிருந்த காலண்டரை ஒற்றை விரலால் அவர் பக்கம் திருப்பி வைத்தார். இருபத்தெட்டு. அக்கா கஞ்சி மொடமொடக்கிற புடவையில் அப்படியே நின்றாள், அழவில்லை. வெளியே வரும்போது திறந்திருந்த ஒரு வகுப்பறை வாசலில் ஒரு கணம் நின்று கரும்பலகையைப் பார்த்தாள். நான் அவள் கையைப் பிடித்தேன், அது சில்லிட்டிருந்தது. எனக்கு அப்போது எல்லாம் தெரியும். நான் ஒரு வார்த்தை பேசவில்லை.

இத்தோடு அந்த நாட்காட்டி செத்தது என்று நினைப்பீர்கள். இல்லை. அப்பா ஒரு வாரம் சோறு சரியாகச் சாப்பிடவில்லை, பிறகு நின்ற நாள் வந்தால் குறித்துவைத்த நாட்களை எப்படி மாற்றுவது என்று புது விதி ஒன்று எழுதினார். நான் கயிற்றைத் தொட மறுத்துவிட்டேன்; அவரே இறக்கி அளந்துகொண்டார். அடுத்த ஆண்டு விண்ணப்பம் போடலாம் என்று சொல்லிக்கொண்டிருக்கும்போதே சித்தி வழியில் அனகாபுத்தூரிலிருந்து மாப்பிள்ளை வந்துவிட்டார், நெசவாளர் சங்கத்தில் எழுத்தர். அவர்கள் வீட்டில் மருமகளை வேலைக்கு அனுப்புகிற வழக்கம் இல்லை. அக்கா ஆற்றங்கரைச் சந்து ஒன்றில் தறிச்சத்தத்துக்கு நடுவில் மூன்று பிள்ளைகளை வளர்த்தாள். தெருப்பிள்ளைகளைக் கூப்பிட்டு உட்காரவைத்து அ, ஆ சொல்லிக்கொடுப்பாள். 'டீச்சர்' என்று அவளை ஒருவரும் கூப்பிட்டதில்லை. எல்லோருக்கும் அவள் அக்காதான்.

நாட்காட்டியைக் கடைசியில் கொன்றவர் ஏகாம்பரம் அண்ணன். எழுபதுகளில் அவர் நிலத்தை மனை பிரித்து விற்றார், மோட்டார் நின்றது. எங்கள் கிணற்றில் தண்ணீர் அசையாமல் கிடந்தது, ஒரு நாள், இரண்டு நாள், ஒரு வாரம். அப்பாவின் சட்டப்படி ஒவ்வொரு நாளும் நின்ற நாள். ஒன்றுக்கும் எண் கிடையாது. பச்சைச் சதுரத்தில் தேதி மாறவே இல்லை. காலம் எங்கள் வீட்டில் மட்டும் நின்றுவிட்டதாக அவர் ஒரு மாதம் பொறுத்துப் பார்த்தார். பிறகு சதுரத்தின்மேல் வெள்ளையடித்துவிட்டு, "கடல்ல ஏதோ கோளாறு" என்றார். மோட்டாரைப் பற்றி அப்போதும் வாயைத் திறக்கவில்லை. அவர் இறந்தபிறகு நீள நோட்டுகளைப் பழைய பேப்பர்காரருக்குப் போட்டேன், ஒன்றையும் திறந்து பார்க்காமல்.

கிணறு இருந்த இடத்தில் இப்போது அடுக்குமாடியின் கார் நிறுத்தம் இருக்கிறது. கத்தரித் தோட்டம் ஏதோ ஒரு நகர் ஆகிவிட்டது. அக்கா இப்போது தன் மகன் வீட்டில், சிட்லபாக்கத்தில் இருக்கிறாள். அவள் அறையில் மூன்று காலண்டர் தொங்குகின்றன. போன மாதம் அங்கே போயிருந்தபோது பேச்சு அப்பாவைப் பற்றித் திரும்பியது, நான் வழக்கம்போல அவரை வாய்க்கு வந்தபடி ஏசினேன். ஏசிக்கொண்டே இருந்தவள், என்ன நினைத்தேனோ, ஐம்பது வருடத்துக்கு மேல் தொண்டையில் கிடந்ததை அவளிடம் சொல்லிவிட்டேன். அந்த இரண்டு நாளும் நான் கயிற்றை இறக்கவில்லை அக்கா, பொய்யாக எழுதினேன் என்றேன். சொல்லும்போது எனக்கு அழுகை வந்துவிட்டது.

அக்கா கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டாள். "எனக்கு அன்னிக்கே தெரியும்டி. தண்ணி எறைக்கப் போறப்ப பாத்தேன், அளவுக் கயிறு ரெண்டு நாளா காஞ்சு கெடந்துச்சே" என்றாள். "அப்புறம் ஏன் அப்பாகிட்ட சொல்லல?" என்று கேட்டேன். அவள் மடியிலிருந்த கண்ணாடியை முந்தானையால் துடைத்தாள். "அந்தக் கிறுக்குத்தனத்துல ஒரு நாள் கூடினா என்ன, கொறஞ்சா என்னன்னு நெனச்சேன். பாதுஷா வேற வாங்கிட்டு வந்தாரா, சிரிச்சுக்கிட்டே தின்னேன். என் நாளும் அதே சுவத்துலதான் எழுதியிருக்குன்னு தோணவே இல்லடி."

அந்த வீட்டில் அந்த நாட்காட்டியை நம்பியவர் அப்பா ஒருவர்தான். அதைவிட அவர் என் எழுத்தை நம்பினார். இதைச் சொல்ல எனக்கு வெட்கமாக இருக்கிறது, ஆனாலும் சொல்லிவிடுகிறேன்: இத்தனை வருடம் அவரை ஏசியதெல்லாம் இந்த ஒன்றை மறைக்கத்தான். அக்கா எழுந்துபோய், காலையில் கிழிக்க மறந்திருந்த தாளைக் கிழித்தாள். பின்பக்கம் வெறுமையாக இருக்கிறதா என்று திருப்பிப் பார்த்துவிட்டு, பேத்திக்கு மாலையில் கணக்குப் போட்டுக் கொடுக்க அதைத் தலையணைக்கடியில் இருந்த மற்றத் தாள்களோடு சேர்த்து வைத்தாள்.